ஜீப்ரா கிராஸிங்கில் கேட்வாக்: இந்தோனேசிய இளசுகளின் ஸ்டைலைப் பார்த்து ஏன் இவ்வளவு பதற்றம்?

இந்தோனேசியான்னா உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? பாலி ஹனிமூன் பேக்கேஜ், எரிமலை, நெல் வயலுக்கு மேல் ஊஞ்சலாடும் இன்ஸ்டா போட்டோ. 28 கோடி பேர் வாழும் அந்த நாட்டில் இளைஞர்கள் என்ன பாட்டு கேட்கிறார்கள், என்ன உடுத்துகிறார்கள், அதற்காக யார் யாரிடம் திட்டு வாங்குகிறார்கள் என்பதெல்லாம் நம் டைம்லைனுக்கு அவ்வளவாக வருவதில்லை. வந்தாலும் 15 விநாடி ரீலாகத்தான் வருகிறது. சிரிச்சிட்டு அடுத்ததுக்குப் போயிடறோம்.

ஆனால் கடந்த சில ஆண்டுகளில் அந்த நாட்டின் பெரிய அரசியல் சண்டைகள் சிலவற்றைத் தொடங்கி வைத்தது ஒரு டி-ஷர்ட்டோ, ஒரு பாட்டோ, ஒரு கார்ட்டூன் கொடியோதான். இது வெறும் 'ட்ரெண்ட்' சமாச்சாரம் இல்லை. யார் எங்கே நிற்கலாம், எதைப் பாடலாம், எந்த விலையில் துணி வாங்கலாம் என்பதைப் பற்றிய சண்டை.

ரயிலேறி வந்த மாடல்கள்

ஜகார்த்தாவின் நடுவில் சுடிர்மான் சென்ட்ரல் பிசினஸ் டிஸ்ட்ரிக்ட் என்று ஒரு பகுதி இருக்கிறது. சுருக்கமாக எஸ்சிபிடி. கண்ணாடிக் கட்டடங்கள், கார்ப்பரேட் தலைமையகங்கள், விலைப்பட்டியலைப் பார்த்ததும் தாகம் தீர்ந்துவிடும் காபி கடைகள். 2022-ல் இதே எஸ்சிபிடிக்கு ஜகார்த்தா மக்கள் புது விரிவாக்கம் கொடுத்தார்கள்: சுடிர்மான், சிதாயம், போஜோங்கெடே, டெபோக்.

கடைசி மூன்றும் தலைநகருக்குத் தெற்கே, போகோர் செல்லும் மின்சார ரயில் பாதையில் இருக்கும் ஊர்கள். வாடகை குறைவு என்பதால் சாதாரணக் குடும்பங்கள் வசிக்கும் இடம். அங்கிருந்து டீன் ஏஜ் பிள்ளைகள் ரயிலேறி, டுக்கு அத்தாஸ் என்ற இடத்தில் வந்து இறங்க ஆரம்பித்தார்கள். மின்சார ரயில், மெட்ரோ, விமான நிலைய ரயில் எல்லாம் சந்திக்கும் இடம் அது. நடைபாதை அகலம், பின்னணியில் உயரமான கட்டடங்கள், செல்ஃபிக்கு அருமையான வெளிச்சம். டிக்கெட் விலை? நம்ம காசுல 30 ரூபாய்கூட வராது.

வந்தவர்கள் சும்மா உட்காரவில்லை. கையில் இருந்த மலிவு விலைத் துணிகளை அடுக்கடுக்காகப் போட்டு, தலைமுடிக்கு வண்ணம் அடித்து, அங்கிருந்த ஜீப்ரா கிராஸிங்கையே மேடையாக்கி நடந்தார்கள். சிக்னல் விழும், ஒரு குரூப் நடக்கும், ஓரத்தில் நிற்பவர்கள் மொபைலில் எடுப்பார்கள். டிக்டாக்கில் அது பற்றிக்கொண்டது. 'சிதாயம் ஃபேஷன் வீக்' என்று பெயரும் விழுந்தது. பாரிஸில் வருஷத்துக்குச் சில நாள் நடப்பதை இவர்கள் தினமும் சாயங்காலம் நடத்தினார்கள். ஸ்பான்சர் இல்லை, அழைப்பிதழ் இல்லை, முதல் வரிசை இருக்கையும் இல்லை.

அடுத்து நடந்ததைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கணும். ஏன்னா ஒரு தெருக் கலாசாரம் எப்படிச் சாகடிக்கப்படுகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் கிடைப்பது கஷ்டம்.

முதலில் பிரபலங்கள் வந்தார்கள். நிஜ மாடல்கள் நடந்தார்கள், யூடியூபர்கள் நடந்தார்கள், ஜகார்த்தா ஆளுநராக இருந்த அனீஸ் பஸ்வேதானும் நடந்தார். அமைச்சர்கள் பாராட்டினார்கள், படிப்பு உதவித்தொகை பற்றிப் பேசினார்கள். பிள்ளைகளுக்கும் சந்தோஷம்தான்.

பிறகு வணிகம் வந்தது. 2022 ஜூலையில் நடிகரும் யூடியூபருமான பைம் வோங்கின் நிறுவனம் 'சிதாயம் ஃபேஷன் வீக்' என்ற பெயரைத் தன் வணிக முத்திரையாகப் பதிவு செய்ய விண்ணப்பித்தது. அந்தப் பெயரை உருவாக்கிய பிள்ளைகளில் பலருக்கு வணிக முத்திரை என்றால் என்னவென்றே தெரிந்திருக்காது. சமூக வலைதளம் கொதித்தது. பக்கத்து மாநிலமான மேற்கு ஜாவாவின் ஆளுநர் ரித்வான் கமிலே வெளிப்படையாகக் கண்டித்தார். சில நாள்களில் விண்ணப்பம் திரும்பப் பெறப்பட்டது.

கடைசியாக போலீஸ் வந்தது. போக்குவரத்துக்கு இடைஞ்சல், குப்பை, இரவு நேரக் கூட்டம் என்று காரணங்கள். அவற்றில் உண்மை இல்லாமலும் இல்லை. ஒரு குறுகிய சாலையில் அத்தனை கூட்டம் சேர்ந்தால் நெரிசல் வரத்தான் செய்யும். ஆனால் தீர்வு என்ன? பாதசாரிகள் கடக்க மட்டுமே ஜீப்ரா கிராஸிங் என்று சொல்லிக் கலைத்துவிட்டார்கள். வாரத்தில் ஒருநாள் சாயங்காலம் அந்தச் சின்னத் தெருவை வாகனங்களுக்கு மூடிக் கொடுத்திருக்கலாமே? ஞாயிறு காலையில் உடற்பயிற்சிக்காகவும் சைக்கிள் ஓட்டவும் சுடிர்மான் பெருஞ்சாலையையே கார்களுக்கு மூடும் நகரம்தான் அது. சைக்கிளுக்கு முடிந்தது, சிதாயம் பிள்ளைகளுக்கு முடியவில்லை.

மாலில் ஏசி இருக்கிறது, ஆனால் உள்ளே போனால் எதையாவது வாங்கணும். வீட்டில் இடமில்லை. காசு கொடுக்காமல் நாலு பேர் பார்க்க நிற்பதற்கு ஓர் இடம் என்பதுதான் அந்தப் பிள்ளைகள் உண்மையில் கேட்டது. அதை யாரும் கேட்கவே இல்லை என்பது எங்கள் பார்வை.

'ஜாமெத்', 'கம்புங்கான்': ஒரு வசவின் வரலாறு

சிதாயம் பிள்ளைகளைக் கிண்டலடித்தவர்கள் பயன்படுத்திய சொல் 'ஜாமெத்'. 'ஜாவா மெட்டல்' என்பதன் சுருக்கம் என்பார்கள். ஏழை வீட்டுப் பையன் ஸ்டைல் பண்ண முயற்சி செய்தால் அவன் ஜாமெத். இதே நகரத்தின் தெற்குப் பகுதியில், வசதியான வீட்டுப் பிள்ளைகள் ஒரு வாக்கியத்தில் பாதியை ஆங்கிலத்தில் பேசுவார்கள். 'ஜக்செல் பிள்ளைகள்' என்று அவர்களையும் கிண்டலடிப்பார்கள். ஆனால் அந்தக் கிண்டலில் கொஞ்சம் பொறாமை கலந்திருக்கும். ஜாமெத்தில் கலந்திருப்பது அருவருப்பு.

இதற்கு முந்தைய தலைமுறையில் இருந்த சொல் 'கம்புங்கான்', அதாவது பட்டிக்காட்டுத்தனம். அந்த முத்திரையை ரொம்ப நாள் சுமந்தது டாங்டுட் இசை. பெயரே தாள வாத்தியத்தின் ஒலியிலிருந்து வந்தது. 'டாங்' ஒரு தட்டு, 'டுட்' ஒரு தட்டு. மேட்டுக்குடி ஆள்கள் கேலிக்குச் சொன்ன பெயர் என்பார்கள். பழைய மலாய் இசைக்குழுக்களின் மெட்டு, அரபு இசை, கூடவே இந்தியாவிலிருந்து போன இந்திப் படப் பாட்டு, எல்லாம் சேர்ந்த கலவை அது. முதல்முறை கேட்டால் 'இது எங்கேயோ கேட்ட பாட்டாச்சே' என்று நமக்குத் தோன்றும். தோன்றுவதில் நியாயம் இருக்கிறது.

1970களில் ரோமா இராமா இதில் எலெக்ட்ரிக் கிட்டாரைச் சேர்த்து 'டாங்டுட் ராஜா' ஆனார். எதிர்க்கட்சிக்குப் பிரசாரம் செய்ததால் அரசுத் தொலைக்காட்சியில் பல ஆண்டுகள் அவர் முகமே காட்டப்படவில்லை. 2003-ல் இனுல் தாராதிஸ்தா என்ற இளம் பாடகி இடுப்பைச் சுழற்றி ஆடியபோது, ஆபாசம் என்று தீர்ப்பு சொன்னவர்களில் முன்வரிசையில் இருந்தவர் அதே ரோமா இராமா. தடையின் கசப்பை அனுபவித்தவரே அடுத்த தலைமுறைக்குத் தடை கேட்பது இசை உலகில் புதுசு இல்லைதான்.

இன்றைக்கு நிலைமை தலைகீழ். ஜாவா மொழியில் காதல் தோல்விப் பாடல்கள் பாடிவந்த டிடி கெம்போட், 50 வயதைத் தாண்டிய பிறகு 2019-ல் திடீரென்று கல்லூரிப் பிள்ளைகளின் ஹீரோ ஆனார். 'சோபாத் அம்யார்' என்று ரசிகர்கள் தங்களை அழைத்துக்கொண்டார்கள். சுக்குநூறாக உடைந்துபோனவர்களின் நட்பு வட்டம் என்று தோராயமாகச் சொல்லலாம். கச்சேரியில் ஆயிரக்கணக்கான இளைஞர்கள் வெட்கமே இல்லாமல் அழுதார்கள். 2020 மே மாதம் அவர் இறந்துபோனார். ஆனால் அவர் திறந்த கதவு மூடவில்லை. ஜாவா மொழிப் பாட்டு என்பது தாத்தா பாட்டி சமாச்சாரம் இல்லை, ஸ்பாட்டிஃபையில் டாப்பில் வரக்கூடியது என்று ஆகிவிட்டது. அடுத்து டென்னி சக்னான் மாதிரி இளம் பாடகர்கள் வந்தார்கள். 2022 சுதந்திர தினத்தன்று அதிபர் மாளிகையில் ஒரு 12 வயதுச் சிறுவன் ஜாவா மொழிப் பாடல் பாட, அமைச்சர்கள் எழுந்து ஆடினார்கள். கம்புங்கான் என்ற அதே இசைதான்.

ஆக, மாளிகைக்குள் வரும் வழி அடைபடவில்லை. ஆனால் அங்கே போய்ச் சேர ஐம்பது வருஷம் ஆகிறது. காதல் தோல்வியைப் பாடினால்தான் சேரவும் முடிகிறது.

மூட்டைத் துணியும் மூடிய ஆலையும்

சிதாயம் பிள்ளைகள் போட்டிருந்த துணி எங்கிருந்து வந்தது? பலருக்கு அது 'த்ரிஃப்டிங்'. ஜப்பான், கொரியா போன்ற நாடுகளில் தூக்கிப்போட்ட துணிகள் பெரிய பெரிய மூட்டைகளாகக் கப்பலில் வருகின்றன. ஊருக்கு ஊர் இதற்கு ஒரு பெயர். மெடானில் 'மோன்சா', மக்காசாரில் 'சாக்கார்', யோக்யகர்த்தாவில் 'அவுல்-அவுல்'. சாக்கார் என்பது 'சாக்குமூட்டை பிராண்ட்' என்பதன் சுருக்கம். நகைச்சுவை உணர்ச்சிக்கு அந்த ஊரில் பஞ்சமில்லை. ஜகார்த்தாவின் பசார் செனென், பாண்டுங்கின் கெடெபாகே சந்தைகளில் மூட்டை பிரிக்கும் நேரம் பார்த்து இளைஞர்கள் காத்திருப்பார்கள். நூறு சட்டையில் ஒன்று பழைய ஜப்பானிய ஜாக்கெட்டாக இருந்தால் அன்றைக்கு ஜாக்பாட்.

சட்டப்படி இந்த இறக்குமதிக்கு வெகுநாளாகவே தடை. 2023 மார்ச்சில் அதிபராக இருந்த ஜோகோ விடோடோ, இது உள்நாட்டு ஜவுளித் துறையைக் கெடுக்கிறது என்று சொன்னதும் அதிகாரிகள் களமிறங்கினார்கள். வர்த்தக அமைச்சர் கேமரா முன்னால் மூட்டைகளுக்குத் தீ வைத்தார். 2025 அக்டோபரில் புதிய நிதி அமைச்சர் பூர்பாயாவும் இறக்குமதியாளர்களைக் கறுப்புப் பட்டியலில் சேர்ப்பேன் என்று எச்சரித்தார்.

இங்கே இளைஞர்கள் பக்கம் மட்டும் நின்று கைதட்டிவிட முடியாது. பாண்டுங் பக்கம் நாலு தையல் மெஷின் வைத்திருப்பவருக்கு, கிலோ கணக்கில் வரும் பழைய சட்டையோடு போட்டி போடுவது நிஜமாகவே கஷ்டம். அவரும் இளைஞர்தான், அவரிடம் வேலை பார்க்கும் பெண்களும் இளம் வயதினர்தான். 1990களில் பாண்டுங்கில் 'டிஸ்ட்ரோ' என்ற சின்னச் சின்னக் கடைகள் முளைத்து, ஸ்கேட்டர்களும் பங்க் இசைக்காரர்களும் தாங்களே டி-ஷர்ட் அச்சடித்து விற்றார்கள். இன்றைய 'லோக்கல் ப்ரைட்' பிராண்டுகளுக்கெல்லாம் தாத்தா அதுதான். காம்பஸ் என்ற உள்ளூர் ஷூவுக்கு 2019 வாக்கில் வரிசை கட்டி நின்ற இளைஞர்களும், மூட்டைத் துணி கிளறும் இளைஞர்களும் பல நேரம் ஒரே ஆள்கள்.

ஆனால் ஜவுளித் துறையைச் சாய்த்தது பழைய சட்டையா? மத்திய ஜாவாவின் ஸ்ரீடெக்ஸ், நேட்டோ நாடுகளின் ராணுவத்துக்கே சீருடை தைத்த நிறுவனம். 2024 அக்டோபரில் நீதிமன்றம் அதைத் திவால் என்று அறிவித்தது. 2025 மார்ச் 1-ம் தேதி ஆலை மூடப்பட்டது. 10,000-க்கும் மேற்பட்டவர்களுக்கு வேலை போனது. அதை மூழ்கடித்தது மலையளவு கடன். கூடவே வெளியிலிருந்து வந்து குவியும் மலிவான புதுத் துணி. மூட்டைக்குத் தீ வைத்தால் டிவியில் நல்லா தெரியும். கடன் கணக்கும் இறக்குமதிக் கொள்கையும் டிவியில் தெரியாது.

முகமூடி கழன்ற வீடியோ

பாட்டுக்கும் முடிக்கும் பயப்படுவது அந்த நாட்டில் நேற்று தொடங்கியது இல்லை. 1965-ல் பீட்டில்ஸ் பாணியில் பாடியதற்காக கோஸ் சகோதரர்கள் என்ற இசைக்குழுவை சுகார்னோ அரசு மூன்று மாதம் சிறையில் வைத்தது. சுகார்த்தோ காலத்தில், 1973-ல், நீளமுடியை ஒழிப்பதற்கென்றே வடக்கு சுமத்ராவில் ஓர் ஒருங்கிணைப்பு அமைப்பு தொடங்கினார்கள். (ஆமாம், முடி வெட்டுவதற்கு அரசு அமைப்பு. ஃபைல் நம்பரெல்லாம் இருந்திருக்கும்.) 2011 டிசம்பரில் ஆச்சே மாநிலத்தில் ஒரு பங்க் கச்சேரிக்கு வந்த 60-க்கும் மேற்பட்டவர்களைப் பிடித்து, மொட்டையடித்து, 'திருத்தப் பயிற்சி'க்கு அனுப்பியது போலீஸ்.

இந்த வரிசையில் புதுசு சுகதானி. மத்திய ஜாவாவின் பூர்பாலிங்காவைச் சேர்ந்த ஒரு பெண், ஓர் ஆண், இருவர் மட்டுமே உள்ள பங்க் குழு. முகத்தை மறைத்துத்தான் மேடை ஏறுவார்கள். விவசாயப் பகுதிக்காரர்கள் என்பதால் கச்சேரியில் கூட்டத்துக்குக் காய்கறி கொடுப்பதும் வழக்கம். அவர்களின் 'பயார் பயார் பயார்' என்ற பாடலின் பெயருக்கு 'காசு குடு, காசு குடு, காசு குடு' என்று அர்த்தம். லைசென்ஸ் எடுப்பதிலிருந்து ரோட்டில் மடக்கப்படுவது வரை எதற்கெல்லாம் போலீசுக்குக் காசு கொடுக்க வேண்டியிருக்கிறது என்று அடுக்கும் பாட்டு.

2025 பிப்ரவரி 20-ம் தேதி இருவரும் முகமூடி இல்லாமல் ஒரு வீடியோவில் வந்தார்கள். தங்கள் நிஜப் பெயரைச் சொல்லி, தேசிய போலீஸ் தலைவரிடமும் போலீஸ் துறையிடமும் மன்னிப்புக் கேட்டார்கள். பாடலைத் தளங்களிலிருந்து நீக்கினார்கள். அந்த வீடியோவைப் பார்த்த யாருக்கும், இவர்கள் திடீரென்று மனம் திருந்திவிட்டார்கள் என்று தோன்றவில்லை.

மறுநாளே, பட்ஜெட் வெட்டுகளை எதிர்த்து 'இருண்ட இந்தோனேசியா' என்ற பெயரில் தெருவில் இறங்கியிருந்த மாணவர்கள் அதே பாட்டைக் கூட்டமாகப் பாடினார்கள். ஊர் முழுக்க அறியாத ஒரு பாட்டை நாடு முழுக்க மனப்பாடமாக்கியது அந்த மன்னிப்பு வீடியோ. இதற்கிடையே பாடகி பள்ளி ஆசிரியை வேலையை இழந்தார். நடத்தை விதியை மீறியதுதான் காரணம், பாட்டு அல்ல என்றது பள்ளி. குழுவை அணுகிய போலீசார் சிலர் மீது உள்விசாரணை நடந்தது.

அடுத்தது இன்னும் சுவாரசியம். போலீஸ் தலைவர், துறையைச் சீர்திருத்தும் 'போலீஸ் தூதர்'களாக இருங்களேன் என்று சுகதானிக்கே அழைப்பு விடுத்தார். மார்ச் 1 அன்று அவர்கள் மறுத்துவிட்டார்கள். 2024 ஜூலையிலிருந்தே தங்களுக்கு மிரட்டல்களும் அழுத்தமும் இருந்ததாகவும் அப்போது சொன்னார்கள்.

சிதாயத்தில் நடந்ததை இதோடு வைத்துப் பாருங்கள். அங்கே முதலில் அணைத்துக்கொண்டு பிறகு விரட்டினார்கள். இங்கே முதலில் விரட்டிவிட்டுப் பிறகு அணைக்கப் பார்த்தார்கள். எங்கள் பார்வையில் தூதர் பதவி மறுப்புதான் இந்தக் கதையில் பெரிய விஷயம். வேலை போயிருக்கும் நேரத்தில், அரசுத் துறையே நீட்டும் கையைத் தட்டிவிடுவது லேசான காரியம் இல்லை.

ஒரே மாதம், இரண்டு வைரல்

2025 ஜூலையில் இந்தோனேசியாவிலிருந்து கிளம்பிய ஒரு வீடியோவை நீங்களும் பார்த்திருப்பீர்கள். ரியாவ் மாநிலத்தின் 'பாச்சு ஜாலுர்' படகுப் போட்டியில், நீளப் படகின் முனையில் கறுப்புக் கண்ணாடி போட்டு நின்று, அலட்டிக்கொள்ளாமல் கையை அசைத்து ஆடிய 11 வயதுச் சிறுவன். 'ஆரா ஃபார்மிங்' என்று உலகமே கொண்டாடியது; ஐரோப்பிய ஃபுட்பால் கிளப்புகள்கூட அந்த ஸ்டெப்பைப் போட்டன. மாநில அரசு அவனைச் சுற்றுலாத் தூதராக்கி உதவித்தொகையும் கொடுத்தது. அந்தச் சிறுவனுக்குக் கிடைத்த ஒவ்வொரு கைதட்டும் நியாயமானதுதான்.

அதே ஜூலை கடைசியில் இன்னொன்று வைரல் ஆனது. 80-வது சுதந்திர தினத்துக்குத் தேசியக் கொடி ஏற்றச் சொன்னபோது, லாரிகளிலும் வீட்டு வாசல்களிலும் 'ஒன் பீஸ்' என்ற ஜப்பானிய அனிமேயின் கடற்கொள்ளையர் கொடி பறந்தது. வைக்கோல் தொப்பி போட்ட மண்டை ஓடு. கதையில் அந்தக் கொடி, ஊழல் அரசுக்கு எதிராக நிற்பவர்களுடையது. பார்த்து வளர்ந்த தலைமுறைக்கு விளக்கமே தேவையில்லை. நாடாளுமன்றத் துணைத் தலைவர் ஒருவர் இது தேசத்தைப் பிளக்கும் முயற்சி என்றார். மூத்த அமைச்சர் ஒருவர் சட்ட நடவடிக்கை வரும் என்றார். பல இடங்களில் கொடிகள் இறக்கப்பட்டன. படகில் ஆடிய பையனுக்குக் கைதட்டியவர்களுக்கு, லாரியில் பறந்த கார்ட்டூன் பிடிக்கவில்லை.

அந்தக் கொடி எதைச் சொல்ல வந்தது என்று யாராவது கேட்டிருந்தால், ஆகஸ்ட் மாதம் வேறு மாதிரி இருந்திருக்குமோ என்னவோ. எம்.பி.க்களுக்கு வீட்டு வாடகைப் படியாக மாதம் 5 கோடி ருபியா என்ற செய்தி அப்போதுதான் தீயாகப் பரவியது. ஜகார்த்தாவின் குறைந்தபட்ச மாதச் சம்பளத்தைப் போல அது ஏறக்குறைய பத்து மடங்கு. ஆகஸ்ட் 28 இரவு, போராட்டத்தின் நடுவே போலீஸின் கவச வாகனம் ஏறி 21 வயது பைக் டாக்ஸி ஓட்டுநர் ஒருவர் இறந்தார். நாடு பற்றி எரிந்தது.

அப்போது இளைஞர்கள் தங்கள் புரொஃபைல் படங்களை இரண்டு நிறத்துக்கு மாற்றினார்கள். ஒன்று இளஞ்சிவப்பு, போராட்டத்தில் போலீஸ் வரிசைக்கு எதிரே தனியாக நின்ற ஒரு பெண்ணின் தலைத்துணி நிறம். இன்னொன்று பச்சை, பைக் டாக்ஸி ஓட்டுநர்கள் போடும் ஜாக்கெட்டின் நிறம். ஃபேஷன் டிசைனர் யாரும் தேர்ந்தெடுத்த நிறங்கள் இல்லை. ஆகஸ்ட் 31 அன்று அதிபர் பிரபோவோ, எம்.பி.க்களின் சலுகைகள் சிலவற்றை ரத்து செய்வதாக அறிவித்தார். செப்டம்பரில் நேபாளத் தலைநகரில் இளைஞர்கள் தெருவில் இறங்கியபோது, அவர்கள் கையிலும் இருந்தது அதே வைக்கோல் தொப்பிக் கொடி.